பெஞ்சு முழுக்க ஆள்: காஞ்சிபுரம் நயினாப் பிள்ளையை எப்படிக் கேட்பது?

ஒரு பாடகரைப் பற்றி எழுதப் போறேன். அவர் குரலை நான் கேட்டதில்லை. நீங்களும் கேட்டிருக்க முடியாது. 1934-ல் அவர் இறந்தபோது இசைத்தட்டு வந்து முப்பது வருஷம் ஆகியிருந்தது. அவர் காலத்துப் பெரிய வித்வான்கள் பலர் தட்டில் பாடிவிட்டார்கள். காஞ்சிபுரம் நயினாப் பிள்ளை மட்டும் அந்தப் பக்கமே போகவில்லை. தட்டில் பாட அவர் சம்மதிக்கவில்லை என்பதுதான் வழிவழியாகச் சொல்லப்படுவது.

அப்படியானால் இந்தக் கட்டுரை எதுக்கு? கேட்காத பாட்டைப் பற்றி விமர்சனம் எழுத ஒருத்தருக்கு என்ன யோக்கியதை? நியாயமான கேள்விதான். என் பதில் இது: அவரைப் பற்றி நாம் ஏற்கெனவே ஒரு தீர்ப்பு எழுதி வைத்திருக்கிறோம். "லய சிங்கம்", "பல்லவி மன்னர்", "கணக்குப் புலி". கேட்காமலேயே எழுதிய தீர்ப்பு. அதைக் கேட்காமலேயே மறுவிசாரணை செய்யலாம் இல்லையா?

சில மாதங்களாக அமெரிக்க சோல் இசைக்குழுக்களைப் பற்றிப் படித்துக்கொண்டிருந்தேன். டெட்ராய்ட் நகரத்து மோடவுன் கம்பெனி, 'டெம்ப்டேஷன்ஸ்' போன்ற ஐந்து பேர் குழுக்கள். முன்னால் நின்று பாடுகிறவர் பெயர் உலகத்துக்கே தெரியும். பக்கத்தில் நிற்கிற நாலு பேர் பெயரை நிறைய ரசிகர்களே யோசித்துத்தான் சொல்லணும். அந்தக் கம்பெனியின் பாட்டுகளுக்கு வாசித்த 'ஃபங்க் பிரதர்ஸ்' கலைஞர்களின் பெயர், 1971-ல் மார்வின் கேயின் ஆல்பம் வரும்வரை பெரிய ஆல்பம் எதன் உறையிலும் அச்சாகவில்லை. இதைப் படித்தபோதுதான் நயினாப் பிள்ளை ஞாபகம் வந்தது. நம்ம ஊரில் பெரிய குழுவைக் கூட்டிக்கொண்டு பாடியவர் என்றால் அவர்தான். அவரையும் நாம் தனி ஆளாகத்தான் எழுதி வைத்திருக்கிறோம்.

*

முதலில் தெரிந்த விவரங்கள். பிறந்தது 1889, காஞ்சிபுரம். இயற்பெயர் சுப்பிரமணிய பிள்ளை. நைனா, நாயனா, நயினா என்று மூன்று விதமாகவும் எழுதுகிறார்கள். நான் நயினா என்றே எழுதுகிறேன். இசை வேளாளர் குடும்பம். அம்மா காமாட்சி அம்மாள், பெரிய பாடகி. அம்மாவின் சகோதரி தனகோடி அம்மாள், அவரும் பாடகி. அந்தக் காலத்தில் காஞ்சிபுரம் என்றால் தனகோடி சகோதரிகள் என்று சொல்லும் அளவுக்குப் பெயர். சகோதரிகள் சேர்ந்து பாடுவது அப்போது வழக்கமான அமைப்பு. இரண்டு குரலும் ஒரே பாடத்தில், ஒரே அசைவில் போகணும். நயினாப் பிள்ளை காதில் முதலில் விழுந்த சங்கீதமே ஒரு குழுப் பாட்டுதான் என்பதைக் குறித்து வைத்துக்கொள்ளுங்கள்.

ஆனால் அவரைப் பற்றி வழங்கி வரும் கதை இப்படித் தொடங்குவதில்லை. சின்ன வயசில் குஸ்தி, உடற்பயிற்சி என்று திரிந்தார், பாட்டு பக்கமே வரவில்லை, ஒருநாள் ஓர் அவமானம், அந்த ரோஷத்தில் தம்புராவை எடுத்தார், பாடகர் ஆனார். இப்படித்தான் சொல்றாங்க. எனக்கு இந்தக் கதையில் நம்பிக்கைக் குறைவு என்பதைவிட, இதன் வேலை மேல் சந்தேகம் அதிகம். ரோஷக் கதை வந்ததும் வீடு காணாமல் போய்விடுகிறது. விடிகாலையில் அம்மாவும் சித்தியோ பெரியம்மாவோ பாடிப் பழகிய கூடம், அங்கே வந்துபோன வித்வான்கள், சுவரோரம் சாய்த்து வைத்த தம்புரா எல்லாம் போய், ஒரு முரட்டுப் பையனும் அவன் வைராக்கியமும் மட்டும் மிஞ்சுது. ஆண் மேதைகளுக்கு நாம் எழுதுகிற கதைகள் பல இப்படித்தான் இருக்கு. பெண்களிடமிருந்து வந்த பாடத்தை "கேள்வி ஞானம்" என்று ஒரே சொல்லில் முடித்துவிட்டு, அடுத்த பத்தியில் குருவின் பெயரைப் போடுவோம்.

இதுக்குப் பின்னால் ஒரு காரணமும் இருக்கு. தேவதாசி மரபுக் குடும்பங்களைப் பற்றிப் பேசுவதே இருபதாம் நூற்றாண்டில் சங்கடமாகிவிட்டது. 1947-ல் சென்னை மாகாணத்தில் பொட்டுக்கட்டும் வழக்கத்தைத் தடை செய்து சட்டம் வந்தது. அந்தச் சட்டம் தேவைப்பட்டது. அதில் எனக்கு இரண்டாவது கருத்து இல்லை. ஆனால் வழக்கம் போனபோது அந்தப் பெண்களின் சங்கீத உரிமைப் பத்திரமும் சேர்ந்து போய்விட்டது. பாட்டு மிஞ்சியது, யாரிடமிருந்து வந்தது என்பது மங்கியது.

குருமார் பெயர்களும் இருக்கு. ராமநாதபுரம் 'பூச்சி' சீனிவாச ஐயங்காரின் பாட்டிலிருந்து நயினாப் பிள்ளை நிறைய எடுத்துக்கொண்டார். ஜலதரங்கம் ரமணய்யா செட்டியாரிடம் தியாகராஜர் கிருதிகளைப் பாடம் செய்தார். வீணை தனம்மாளிடமும் உருப்படிகள் சேகரித்தார். இந்தப் பட்டியலை ஒருதரம் பாருங்கள். ஒரு கச்சேரி வித்வான், ஒரு ஜலதரங்கக்காரர், ஒரு வீணைக் கலைஞர், வீட்டில் இரண்டு பெண்கள். "கணக்குப் புலி" என்ற பட்டம் இதில் எங்கே வருது?

*

பட்டம் வந்தது ஃபுல் பெஞ்சிலிருந்து.

ஃபுல் பெஞ்ச் என்பது ஹைகோர்ட் வார்த்தை. பெரிய வழக்கு என்றால் ஒரு நீதிபதி போதாது, பெஞ்சு முழுக்க உட்காருவார்கள். சங்கீத ரசிகர்களில் வக்கீல்கள் நிறைய இருந்த காலம். அந்தச் சொல் மேடைக்கு வந்துவிட்டது. வயலின், மிருதங்கம் என்ற சாதாரண அமைப்புக்கு மேல் கஞ்சிரா, கடம், முகர்சிங், டோலக், கொன்னக்கோல், சில சமயம் கோட்டு வாத்தியம் வரைக்கும் மேடையில். பின்னால் தம்புரா, பின்பாட்டு. புதுக்கோட்டை தட்சிணாமூர்த்தி பிள்ளை, மன்னார்குடி பக்கிரி பிள்ளை மாதிரி ஆட்கள் ஒரே மேடையில் உட்கார்ந்தால் அது கச்சேரியா, களமா என்று கேட்கத் தோணும்.

பழக்கமில்லாதவர்களுக்கு ஒரு சின்ன விளக்கம். பல்லவி என்பது ஒரே ஒரு வரி. தாளத்தில் குறிப்பிட்ட ஓர் இடத்தில் அதை எடுக்கணும். அதுக்கு எடுப்பு என்று பெயர். நடுவில் ஓர் இடத்தில் சற்று நின்று, மறுபடி எடுப்புக்கே வந்து சேரணும். பிறகு தாளத்தை அப்படியே வைத்துக்கொண்டு, வரியை மட்டும் பாதி வேகத்திலும் இரட்டை வேகத்திலும் பாடிக் காட்டணும். அப்புறம் நிரவல், அப்புறம் கற்பனை ஸ்வரம். ஒவ்வொரு தடவையும் எடுப்புக்குத் திரும்பி வரணும். எடுப்பே தாளத்தின் தொடக்கத்தில் இல்லாமல், அரை இடமோ முக்கால் இடமோ தள்ளி இருந்தால்? கூட ஆறு ஏழு பேர் ஆளுக்கு ஒரு கணக்கில் வாசித்துக்கொண்டிருந்தால்?

இதைக் கேட்டதும் நமக்கு என்ன படம் வருது? மல்யுத்தம். பாடகர் ஒரு பக்கம், லய வாத்தியக்காரர்கள் மறு பக்கம். யார் விழுவார் என்று சபை காத்திருக்குது. குஸ்திக் கதை இங்கே வசதியாகப் பொருந்திக்கொள்ளுது. போட்டி நடந்திருக்கும், சந்தேகமில்லை. அந்தக் கால மேடையில் அதுவும் ஒரு ரசனை. ஆனால் போட்டியை மட்டும் வைத்து ஒரு மனுஷன் இத்தனை வருஷம் அதே அமைப்பை விடாமல் வைத்திருக்க முடியுமா? தோற்கடிக்கத்தான் என்றால் ஒரு மிருதங்கம் போதுமே. செலவும் மிச்சம்.

எனக்கு ஊர்க்காரனாக ஒரு விஷயம் தோணுது. காஞ்சிபுரம் என்றாலே பாவு, ஊடை, இழை என்று உவமை எழுதுகிற பழக்கம் சலித்துப்போன ஒன்று. அதைத் தவிர்க்கத்தான் நினைத்தேன். ஆனால் கோர்வை என்ற சொல்லைத் தாண்டிப் போக முடியவில்லை. தனி ஆவர்த்தனத்தின் முடிவில் எல்லா வாத்தியங்களும் சேர்ந்து மூன்று முறை வாசித்து முடிக்கிற அமைப்புக்குக் கோர்வை என்று பேர். எங்க ஊர்த் தறியிலும் கோர்வை உண்டு. உடலுக்கு ஒரு நிறம், கரைக்கு வேறு நிறம். உடலின் ஊடையும் கரையின் ஊடையும் ஒவ்வொரு வீச்சிலும் ஒன்றையொன்று கோர்த்துக்கொள்ளணும். அதுக்கு மூன்று நாடா வேணும். ஒருத்தர் கையால் ஆகாது. பக்கத்தில் இன்னொருவர் உட்கார்ந்து கரை நாடாவைப் போட்டுக்கொடுக்கணும். என் சின்ன வயசில் பிள்ளையார்பாளையத்துத் தறிகளில் அந்தப் பக்கத்து ஆள் பெரும்பாலும் ஒரு பையன்தான். பள்ளிக்கூடம் போகாமல் அங்கே உட்கார்ந்திருப்பான். புடவை கடைக்குப் போகும்போது நெய்தவர் பேரே இருக்காது. பையன் பேரை யார் கேட்கப் போறாங்க?

தறியில் கரை நாடா போடுகிறவன் நெசவாளிக்குப் போட்டியாளன் கிடையாது. அவன் கை ஒரு கணம் பிந்தினால் இருவர் வேலையும் கெடும். ஃபுல் பெஞ்சையும் நான் அப்படித்தான் பார்க்கிறேன். ஏழு பேர் ஒரே எடுப்புக்காகக் காத்திருக்கிறார்கள். பாடகர் இழைத்துக்கொண்டு போகிற ஒரு வரி தாளத்தின் சரியான புள்ளியில் வந்து விழும்போது, அதே புள்ளியில் ஏழு பேரும் வந்து விழணும். கேட்கிறவனுக்கு அந்தக் கணத்தில் கிடைத்தது "இவர் ஜெயித்தார்" என்ற திருப்தி மட்டுமாக இருந்திருக்காது. ஒரு கூட்டம் ஒன்றாக வீடு திரும்பியது போன்ற நிம்மதி அது. சோல் குழுக்களைக் கேட்கும்போது எனக்குக் கிடைப்பதும் ஏறக்குறைய இதுதான்: தனிக்குரல் எங்கேயோ அலைந்துவிட்டு வரும்போது, மற்றவர்கள் அதே சொல்லில் அதே இடத்தில் காத்திருப்பார்கள்.

*

சரி, இதெல்லாம் என் ஊகமா, சாட்சி இருக்கா? சாட்சிகள் இருக்காங்க. மூன்று தரப்பு.

முதல் சாட்சி, சித்தூர் சுப்பிரமணிய பிள்ளை. 1898-ல் பிறந்தவர். நயினாப் பிள்ளைக்குச் சீடர் என்பதோடு, பல ஆண்டுகள் அவருக்குப் பின்பாட்டும் பாடியவர். பின்பாட்டு என்பது என்ன வேலை என்று யோசித்துப் பாருங்கள். குரு மூச்சு விடும் இடத்தில் நீங்கள் பாடணும். குரு மேலே போகும்போது நீங்கள் கீழே தாங்கணும். குரு புதுசாக ஏதாவது முயன்று தடுமாறினால் எடுப்பைக் காப்பாற்றி வைத்திருக்கணும். கைதட்டல் வராது. சித்தூரார் பின்னாளில் தானே பெரிய வித்வானாகி, 1954-ல் சங்கீத கலாநிதி ஆனார். இவர் தட்டில் பாடினார். வானொலிப் பதிவுகளும் இருக்கு. ஸ்வரம் பாடும்போது கணக்கு முன்னால் துருத்திக்கொண்டு நிற்காது. ஸ்வரங்கள் கொத்துக்கொத்தாக உருண்டு வந்து, முடிவில்தான் "அட, இது இங்கேதான் வரப்போகுதா" என்று தெரியும். குரல் இழைந்து குழையும் குரல் அல்ல. அதில் ஒரு திடம், கொஞ்சம் கரடு. தட்டில் அடங்கின மூன்று நிமிஷத்திலும் அவசரம் தெரியாது. அவரிடம் கேட்கிற எல்லாமே குருவிடமிருந்து வந்தது என்று சொல்ல மாட்டேன். ஆனால் அந்த உட்கார்ந்த தைரியம் மேடையின் பின்வரிசையில் கற்றதாகத்தான் இருக்கணும்.

இரண்டாவது சாட்சி, பிருந்தா–முக்தா. வீணை தனம்மாளின் பேத்திகள். சிறுமிகளாக இருந்தபோது காஞ்சிபுரம் வந்து நயினாப் பிள்ளையிடம் பாடம் செய்தார்கள். எனக்கு இது ரொம்ப முக்கியமான தகவல். தனம்மாள் வீட்டுச் சங்கீதம் எப்படிப்பட்டது? நிதானம், சௌக்க காலம், பதங்கள், ஜாவளிகள், ஒரு கமகத்தைக்கூட விரயம் பண்ணாத சிக்கனம். அந்த வீடு தன் பெண் பிள்ளைகளை அனுப்பிய இடம் ஒரு வெறும் கணக்குப் பட்டறையாக இருந்திருக்குமா? தியாகராஜர் கிருதிகளின் பாடம் அவரிடம் அவ்வளவு சுத்தமாக இருந்தது என்பதால்தான் அனுப்பினார்கள். பிருந்தா–முக்தா பாடிய கிருதிகளைக் கேட்டவர்களுக்குத் தெரியும்: இரண்டு குரல் என்று எண்ணவே தோணாது, ஒன்றன் நிழலில் ஒன்று போகும். தாளம் எங்கே என்று தேட வேண்டியிருக்கும், ஆனால் ஒரு இமை அளவு கூட நகராது. வேகமாகப் பாடும்போது தாளத்தைப் பிடிப்பது சுலபம். அடிகள் பக்கத்தில் பக்கத்தில் இருக்கும். அடிக்கும் அடிக்கும் நடுவே பெரிய வெளி இருக்கும்போது அதைக் கையில் வைத்திருப்பதுதான் கஷ்டம். லயம் என்பதை அங்கேதான் சோதிக்கணும்.

இங்கே ஒரு எச்சரிக்கை. இந்த நிதானம் தனம்மாள் வீட்டுச் சொத்து. காஞ்சிபுரத்துக்கு வரும் முன்பே அவர்களிடம் இருந்தது. அதை நயினாப் பிள்ளை கணக்கில் வரவு வைப்பது தப்பு. நான் சொல்வது அதைவிடச் சின்ன விஷயம்: அந்த நிதானத்தோடு ஒத்துப்போகிற பாடம் அவரிடம் இருந்தது. அவ்வளவே போதும், பட்டத்தை அசைக்க.

மூன்றாவது சாட்சி மாணவி இல்லை, ரசிகை. டி.கே. பட்டம்மாள், 1919-ல் காஞ்சிபுரத்தில் பிறந்தவர். தாமல் கிராமத்துக் குடும்பம். அம்மாவுக்கு நல்ல குரல். வெளியில் பாட அனுமதி கிடையாது. அந்த வீட்டுப் பெண் ஊரில் நடக்கிற நயினாப் பிள்ளை கச்சேரிகளைக் கேட்டுக் கேட்டு வளர்ந்தார். அவரைத் தன் மானசீக குருவாகவே கருதினார். ஊரில் தியாகராஜர் உற்சவத்தை நடத்தியவரும் நயினாப் பிள்ளைதான். 1932-ல் சென்னை ரசிக ரஞ்சனி சபாவில் பட்டம்மாளின் அரங்கேற்றம். பிறகு மேடையில் பல்லவி பாடும் பெண் என்று பெயர் வாங்கினார். பல்லவி என்றால் ஆண்கள் சமாசாரம் என்று நினைத்திருந்த சபையில், அந்தக் கணக்கை ஒரு பிராமண வீட்டுப் பெண் எடுத்துப் பாடினார். அந்தத் தைரியம் எங்கிருந்து வந்தது என்று கேட்டால், ஒரு இசை வேளாளரின் ஃபுல் பெஞ்ச் கச்சேரியில் உட்கார்ந்திருந்த ஒரு சின்னப் பெண்ணைக் காட்டணும். அந்த இசை வேளாளரின் பாட்டு எங்கிருந்து வந்தது என்றால், காமாட்சி, தனகோடி என்று இரண்டு பெண்களைக் காட்டணும். பெண்கள் பாடிய பாட்டு ஓர் ஆண் வழியாகச் சுற்றிப் பெண்களிடமே வந்து சேர்ந்தது. இந்த வட்டத்தை "லய சிங்கம்" என்ற பட்டத்துக்குள் எப்படி அடைப்பது?

இன்னொன்றும் சேர்த்துக்கொள்ளலாம். நயினாப் பிள்ளை கச்சேரிகளில் திருப்புகழ் பாடினார். தமிழிசை இயக்கம் வேகம் எடுத்தது 1940களில். தமிழ் இசைச் சங்கம் தொடங்கியது 1943-ல். இவர் அதற்கு ஒன்பது வருஷம் முன்பே இறந்துவிட்டார். கந்தபுராணம் அரங்கேறிய குமரகோட்டம் இருக்கிற ஊர். அருணகிரிநாதர் பாடிய தலம். திருப்புகழின் சந்தத்தில் தாளம் ஏற்கெனவே சொல்லுக்குள் இருக்கு. அதைப் பாடுகிறவனுக்குக் கணக்கும் பக்தியும் இரண்டு தனி விஷயங்கள் கிடையாது. சந்தம் தவறினால் பொருளும் தவறும். அவருடைய லயத்தைப் புரிந்துகொள்ள, பல்லவியைவிட இதுதான் நல்ல வாசல் என்று எனக்குப் படுது.

*

இனி மறுபக்கத்தையும் சொல்லிடணும். பெருமை மட்டும் பாடினால் அது விமர்சனம் இல்லை.

நயினாப் பிள்ளை பிறந்தது 1889. அரியக்குடி ராமானுஜ ஐயங்கார் பிறந்தது 1890. ஒரு வருஷ வித்தியாசம். இருவரும் பூச்சி ஐயங்காரின் பாட்டில் ஊறியவர்கள். அரியக்குடி கச்சேரியை ஒழுங்கு செய்தார்: வர்ணத்தில் தொடங்கி, சின்னதும் பெரியதுமாகக் கிருதிகள், ஒரு ராகம்-தானம்-பல்லவி, கடைசியில் துக்கடாக்கள். ஒரு சாயங்காலத்துக்குள் அடங்குகிற, எல்லாருக்கும் ஏதோ ஒன்று கிடைக்கிற அமைப்பு. இன்றைக்கும் மார்கழியில் நாம் கேட்பது அதன் பேரன் பேத்திதான். நயினாப் பிள்ளையின் அமைப்பு தோற்றது. இதை மழுப்ப வேண்டாம்.

தோற்றதுக்கு நியாயமான காரணங்களும் இருக்கு. ஏழு பேரைக் கூட்டிக்கொண்டு ஊர் ஊராகப் போகச் செலவு ஆகும். ஆளுக்கு ஒரு சுற்று தனி என்றால் அதுவே நீண்டுகொண்டு போகும். பாட்டைக் கேட்க வந்தவன் வெற்றிலை போட எழுந்து போயிருப்பான். கஞ்சிரா, டோலக், கடம் எல்லாம் சேர்ந்து முழங்கும்போது பாடகரின் நுணுக்கமான பிடிகள் காதில் விழுந்திருக்குமா? மைக் வருவதற்கு முந்தைய காலம் வேறு. குரலை உரத்துப் பிடித்தே ஆகணும். அந்தக் குரலுக்கு மெல்லிய இடங்கள் எவ்வளவு சாத்தியமாக இருந்திருக்கும்? இந்தக் கேள்விகளுக்குத் தட்டு ஒன்று இருந்தால் பதில் சொல்லியிருக்கும்.

ஆனால் தட்டும் முழுப் பதில் சொல்லியிருக்காது. அப்போதைய தட்டில் ஒரு பக்கத்துக்கு மூன்று, நாலு நிமிஷம். ஒரு பல்லவியின் எடுப்பை ஊன்றி நிறுத்தவே அது காணாது. ஏழு பேர் ஒரு குழாய் முன்னால் நெருங்கி உட்கார்ந்தால் கோட்டு வாத்தியம் எங்கே, முகர்சிங் எங்கே? ஒரு கிருதியைச் சுருக்கிப் பாடி வைத்திருக்கலாம். அதை வைத்து நாம் "நயினாப் பிள்ளை இப்படித்தான் பாடுவார்" என்று இன்றைக்கு உறுதியாகப் பேசியிருப்போம். அவர் மறுத்ததை வறட்டுப் பிடிவாதம் என்று சொல்கிறவர்கள் உண்டு. என் வாசிப்பு வேறு: தன் பாட்டின் அளவு என்னவென்று தெரிந்த ஒருத்தர், அந்த அளவுக்குப் பொருந்தாத பெட்டியில் அதை வைக்க மறுத்தார். அவர் மனசில் இருந்தது இதுதானா என்று நிரூபிக்க என்னிடம் எதுவும் இல்லை. அவர் பாட்டின் அமைப்பு இந்த வாசிப்புக்கு இடம் கொடுக்குது.

அதே நேரம் அந்த மறுப்புக்கு நாம் கொடுக்கிற விலையும் சின்னது இல்லை. அவர் மறுத்தபோது தன் குரலை மட்டும் மறுக்கவில்லை. கூட இருந்தவர்கள் அவரோடு சேர்ந்து எழுப்பிய ஓசையும் போய்விட்டது. தட்சிணாமூர்த்தி பிள்ளை போன்றவர்களின் பெயராவது வரலாற்றில் இருக்கு. பின்னால் தம்புரா போட்டவர்கள்? டோலக் வாசித்த எல்லாருமே? சென்னையில் அகில இந்திய வானொலி நிலையம் 1938-ல் வந்தது. அவர் இன்னும் ஒரு பத்து வருஷம் இருந்திருந்தால் கதை வேறாக இருந்திருக்கலாம். நாற்பதுகளிலேயே போய்விட்டார்.

*

ஃபுல் பெஞ்ச் முழுசாகச் செத்துவிடவில்லை. சித்தூராரின் சீடர் மதுரை சோமு. அவர் மேடையைப் பார்த்தவர்கள் இன்னும் நிறையப் பேர் இருக்காங்க. கடம், கஞ்சிரா, முகர்சிங், இன்னும் சில என்று மேடை நிறைய ஆட்களை உட்கார வைத்துக்கொண்டு, கோயில் திருவிழாக்களில் விடிய விடியப் பாடியவர். சபாக்காரர்கள் அவரைக் கொஞ்சம் ஓரக்கண்ணால்தான் பார்த்தார்கள். ரொம்ப உணர்ச்சி, ரொம்பக் கூட்டம், ரொம்ப சத்தம் என்று. 1972-ல் 'தெய்வம்' படத்தில் மருதமலை முருகன் மேல் பாடிய பாட்டால் வீட்டுக்கு வீடு தெரிந்தார். அந்தப் பாட்டில் குரல் உச்சிக்கு ஏறும்போது பின்னால் தாளம் நெருங்கிக்கொண்டே வருவதைக் கேளுங்கள். நயினாப் பிள்ளையின் குரல் அங்கே இருக்கு என்று சொல்ல வரவில்லை. ஆனால் உணர்ச்சியும் கணக்கும் ஒன்றையொன்று விரட்டுகிற அந்த அமைப்பு மூன்று தலைமுறையாகக் கைமாறி வந்த ஒன்று. முருகன் பாட்டும் அப்படியே.

இப்போது பட்டத்துக்குத் திரும்பி வருவோம். "கணக்குப் புலி" என்பது பொய் இல்லை; அரைகுறை. சித்தூராரிடம் போன பாதி, பட்டம்மாளிடம் போன பாதி அதில் தெரியுது. பிருந்தா–முக்தாவிடம் போன பாடம் தெரியவில்லை. அம்மாவும் தனகோடி அம்மாளும் சுத்தமாகத் தெரியவில்லை. மேடையில் பக்கத்தில் உட்கார்ந்திருந்த ஏழு பேரும் அதில் எதிராளிகளாக மட்டும் தெரியறாங்க.

போன மாதம் காமாட்சியம்மன் கோயில் சன்னதித் தெருவில் ஒரு பெரியவரிடம் நயினாப் பிள்ளையைப் பற்றிப் பேச்சுக் கொடுத்தேன். "நாயனக்காரரா தம்பி?" என்றார். இல்லைங்க ஐயா, பாட்டுக்காரர் என்றேன். கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு, "எங்க ஆயா சொல்லும், விடிய விடியக் கச்சேரி நடக்கும், மேடையில எத்தினி பேரு உக்காந்திருப்பாங்கனு எண்ண முடியாதுன்னு. அது யாரு கச்சேரின்னு தெரியல" என்றார். அது இவருடையதாக இருக்கலாம், இல்லாமலும் போகலாம். ஆயாவுக்குப் பாடகர் பெயர் மறந்துபோய், மேடையில் இருந்த கூட்டம் ஞாபகம் இருந்திருக்கு. நாம் எழுதி வைத்த வரலாற்றுக்கு நேர்த் தலைகீழ்.

ஒரே ஒரு வேண்டுகோளோடு முடிக்கிறேன். காஞ்சிபுரம், சித்தூர், மதுரைப் பக்கம் பழைய சங்கீதக் குடும்பங்களின் வீடுகளில் கச்சேரி நோட்டீஸ்கள் இன்னும் ட்ரங்குப் பெட்டிகளில் கிடக்கும். பாட்டு எழுதின நோட்டுகளும் இருக்கும். வீடு மாற்றும்போது எடைக்குப் போட்டுவிடாதீர்கள். ஒரு படம் எடுத்து வையுங்கள். முக்கியமாக நோட்டீஸின் கடைசி வரிகளை: கடம் யார், முகர்சிங் யார், கொன்னக்கோல் யார், பின்பாட்டு யார். பாடினவர் பெயர் எப்படியும் பெரிய எழுத்தில் இருக்கும். அதைத் தேட வேண்டியதில்லை.